முகம் பார்த்து ஒரு "வாங்க"

எங்கள் அப்பா சேந்தமங்கலத்தில், மழையை நம்பிய ஒரு விவசாய வீட்டில் பிறந்தார். போர்வெல் ரிக்கில் ஹெல்பராகச் சேர்ந்து, வடநாடெல்லாம் சுற்றி, பிறகு சொந்தமாக ரிக் வண்டி வாங்கினார். என்னையும் தம்பியையும் கல்லூரிவரை படிக்க வைத்தார். கம்ப்ரசர் இரைச்சலில் அவருக்குக் காது போய்விட்டது. எதிரே இருப்பவர் வாயசைவைப் பார்த்துத்தான் பேச்சைத் தெரிந்துகொள்வார்.

அவருடைய வண்டியில் டிரைவராக இருந்தவரை நான் விரும்பித் திருமணம் செய்துகொண்டேன். "எங்கிட்டச் சம்பளம் வாங்கறவன் எனக்கு மருமவனா?" என்றவர், அதன்பின் எருமப்பட்டியில் எங்கள் வீட்டுப் பக்கம் வரவில்லை. தாமும் ஹெல்பராக இருந்தவர்தானே என்று நானும் முறுக்கிக்கொண்டேன்.

சென்ற ஆண்டு ஃபேர்லேண்ட்ஸில் தம்பி வீட்டில் அப்பா இருந்தபோது, பழைய ஊமைப்படம் ஒன்றைத் தம்பி டிவியில் போட்டான். ஜமீன்தார் மகள் குதிரைவண்டிக்காரனை விரும்புகிறாள். மழையில் வந்து நிற்கும் இருவரின் முகத்துக்கு நேராக ஜமீன்தார் கதவைச் சாத்துகிறார். எல்லோரும் வாயை மட்டும் அசைக்கும் அந்தப் படத்தில் அப்பாவுக்குப் புரியாதது எதுவுமில்லை. "நிறுத்துடா சாமி. அந்தாளு நாந்தான்" என்றாராம்.

மறுநாள் காலையில் பஸ் ஏறி வந்து எங்கள் வாசலில் நின்றார். நான் அடுப்பருகே இருந்தேன். அவரைப் பார்த்ததும் சந்தோஷமாகத்தான் இருந்தது. அதை முகத்தில் காட்டத்தான் மனம் வரவில்லை. முதுகைத் திருப்பிக்கொண்டு, "வாங்கப்பா" என்றேன். தண்ணீர்ச் சொம்போடு திரும்பியபோது வாசலில் ஆளில்லை. "வாங்க" என்று சொல்லாத வீட்டில் எங்கள் பக்கத்தில் யாரும் கால் வைக்க மாட்டார்கள். சொல்லியும் போகிறாரே, வீம்புக்காரர், போகட்டும் என்று இருந்துவிட்டேன்.

அந்த வாரமே மாரடைப்பில் அப்பா காலமானார். "'அவ கூப்புடுல சாமி. அவ மேல தப்பில்ல'ன்னு சொன்னாருக்கா" என்று தம்பி அழுதான். அவர் காதைப் பற்றி அப்போதுதான் எனக்கு உறைத்தது. அன்று ஒரு நொடி திரும்பியிருக்கலாம். என் கணவர் எவ்வளவோ தேற்றுகிறார், ஆறவில்லை.

அப்பாவைத் தோளில் சுமந்தவர்களுக்கும், எங்களைச் சாப்பிட வைத்த அக்கம்பக்கத்தாருக்கும் நன்றி. துக்க வீட்டில் "வாங்க" என்று சொல்லக் கூடாது என்பதால் அன்று உங்கள் யாரையும் நான் அழைக்கவில்லை. அழைக்காமலே உள்ளே வந்தீர்கள். வருடம் திரும்பிவிட்டது, இனிச் சொல்லலாம். அப்பாவின் முதல் வருட நினைவு நாளான இன்று வாசலில் நின்று ஒவ்வொருவரையும் அழைக்கிறேன்.

வாங்கப்பா. இப்போது நான் வாசலைப் பார்த்துத்தான் நிற்கிறேன்.