இரண்டு பாத்திரங்களுக்கு நடுவே ஒரு வாளி

எங்கள் வீட்டு அடுப்புக்குப் பக்கத்தில் ஒரு வெள்ளை பிளாஸ்டிக் வாளி கவிழ்ந்தபடி இருக்கிறது. பெயின்ட் அடிக்கிறவர்கள் சாமான் போட்டுத் தூக்கிக்கொண்டு போவார்களே, அந்த மாதிரி வாளி. அதன் அடிப்பக்கத்தில், எப்போதோ குழாய்க்குப் பற்றவைத்தபோது சொட்டிய ஈயத்தின் தழும்பு ஒன்று காசு அளவுக்கு இருக்கிறது. விருந்தாளிகள் வருகிறார்கள் என்றால் என் கணவர் அதை கராஜுக்குக் கொண்டுபோய்விடுவார். அவர்கள் கிளம்பியதும் நான் திரும்ப எடுத்துவந்து வைத்துவிடுவேன். ஐந்து வருடங்களாக இப்படித்தான் நடக்கிறது. முன்பு என் மகள் அதன்மேல் ஏறி நிற்பாள். இப்போது அதில் உட்கார்ந்துகொண்டு ஹோம்வொர்க் எழுதுகிறாள். வாளி ஒரு பிளம்பருடையது. அவர்தான் எனக்கு இத்தாலியச் சமையல் சொல்லிக்கொடுத்தவர்.

அப்போது என் மகளுக்கு மூன்று வயது. குழந்தைகளுக்கான டாக்டர் சுவரில் ஒட்டியிருந்த வளர்ச்சி அட்டவணையின் வளைகோடுகளைக் காட்டி, இவளுடைய எடை எந்தக் கோட்டில் ஏறிக்கொண்டிருந்தது, எங்கே அதிலிருந்து இறங்கியது என்று பேனாவால் தொட்டுக் காட்டினார். மூன்று மாதம் பார்க்கலாம், அப்போதும் ஏறாவிட்டால் பரிசோதனைகளுக்கு எழுதிக்கொடுக்கிறேன் என்றார். அவர் சாதாரணமாகத்தான் சொன்னார். நான் காரில் வந்து உட்கார்ந்து சாவியைப் போடாமல் வெகுநேரம் அப்படியே இருந்தேன். எஞ்சினீயரிங் படித்தவள், கணவரோடு வந்த இந்த நாட்டில் விசா காரணமாக வேலைக்குப் போகாமல் வீட்டில் இருக்கிறேன், எனக்கென்று இருப்பது இந்த ஒரு பொறுப்பு, அதையும் ஒழுங்காகச் செய்யவில்லை என்பதை ஒரு கோடு போட்டே காட்டிவிட்டார்களே என்று இருந்தது.

வீட்டில் ஒரு கிண்ணம் பருப்புசாதம் உள்ளே போக ஒன்றரை மணி நேரம் ஆகும். டிவி, பொம்மை, ஜன்னல் வழியே அணில் எல்லாம் வேண்டும். பிறகு கார்பெட்டில் துப்பியதைத் துடைக்க வேண்டும். "ஒரு வேளை சாப்பிடலன்னா ஒண்ணும் ஆகாதும்மா, நீ டென்ஷன் ஆகாத" என்பார் கணவர், லேப்டாப்பிலிருந்து தலையை எடுக்காமல். சென்னையிலிருந்து அம்மா போனில் முதலில் கேட்பதே "குழந்தை சாப்பிட்டாளா?" என்பதுதான். டாக்டர் சொன்னதை அவளிடம் சொன்னேன். "புரட்டாசி சனிக்கிழமை அத்தனையும் விரதம் இருந்து தளிகை போடறேன்னு பெருமாளுக்கு வேண்டிக்கோடி. குழந்தை தேறிடுவா" என்றாள். அன்றே பிரிட்ஜ்வாட்டரில் இருக்கும் பெருமாள் கோயிலுக்குக் காரை ஓட்டிக்கொண்டு போய், சந்நிதி முன்னால் நின்று வேண்டிக்கொண்டேன். என் குழந்தை சாப்பிட வேண்டும் என்பதற்காக நான் சாப்பிடாமல் இருப்பதாக ஒப்பந்தம்.

ஆனால் நான் ஒரு வழியை மட்டும் நம்புகிறவள் இல்லை. வாரத்தில் இரண்டு காலை மகள் போகும் டேகேரில், பாஸ்தா கொடுத்தால் மட்டும் தட்டைக் காலி செய்கிறாள் என்றார்கள். நானும் பாக்கெட்டும் பாட்டில் சாஸும் வாங்கிச் செய்துபார்த்தேன், துப்பினாள். அந்தச் சமயத்தில்தான் ஈஸ்ட் பிரன்ஸ்விக் நூலகத்தின் அறிவிப்புப் பலகையில் அந்தத் தாளைப் பார்த்தேன். வீட்டிலேயே நடக்கும் இத்தாலியச் சமையல் வகுப்பு, ஆறு சனிக்கிழமைகள், காலை பத்து மணி. சனிக்கிழமை என்று பார்த்ததும் தயங்கினேன். பிறகு, மதியம் சமைத்துப் பெருமாளுக்குத் தளிகை போடுவதற்குள் வந்துவிடலாம் என்று கணக்குப் போட்டுப் பெயர் கொடுத்தேன்.

வகுப்பு எடுத்த பிளம்பருக்கு ஐம்பது வயது இருக்கும். அவருடைய வீட்டில் மேலே பளபளவென்று ஒரு சமையலறை இருந்தது. அதில் யாரும் சமைத்ததே இல்லை போலிருந்தது. உண்மையான சமையலெல்லாம் பேஸ்மென்டில் இருந்த இன்னொரு சமையலறையில்தான். அந்தப் பக்கத்து இத்தாலியக் குடும்பங்களில் இப்படி இரண்டு வைத்துக்கொள்வது வழக்கமாம். மேலே இருப்பது பார்க்க, கீழே இருப்பது சமைக்க. கொலு வைக்கிற ஹாலைப் பிள்ளைகளிடமிருந்து காப்பாற்றுகிற எங்கள் வீட்டு ஞாபகம் வந்தது. என்னைத் தவிர நான்கு பேர் கற்றுக்கொள்ள வந்திருந்தார்கள். தக்காளி சாஸை அவர் கிரேவி என்றுதான் சொன்னார். அது மூன்று மணி நேரம் கொதிக்க வேண்டும் என்பதால் நாங்கள் வருவதற்கு முன்பே பெரிய பாத்திரத்தில் ஏற்றியிருப்பார். அதில் பன்றி இறைச்சியும் சாசேஜும் கிடக்கும். நான் சைவம் என்று முதல் நாளே சொல்லியிருந்தேன். அதனால் பக்கத்து அடுப்பில் எனக்கென்று ஒரு சின்ன நீலப் பாத்திரம். வெறும் தக்காளி, பூண்டு, எண்ணெய்.

நான் நோட்டும் பேனாவுமாக நிற்பேன். உப்பு எத்தனை ஸ்பூன், எத்தனை நிமிடம் என்று கேட்டுக்கொண்டே இருப்பேன். அவர் அளவு என்று எதையும் சொல்லமாட்டார். எழுதுவதை நிறுத்து, ருசி பார் என்பார். எனக்கு அதுதான் முடியாத காரியம். பெருமாளுக்குக் காட்டும் முன் வாயில் வைப்பதில்லை. விரத நாளில் கேட்கவே வேண்டாம். எங்கள் வீட்டில் வாசனையை வைத்தே உப்புச் சொல்லிவிடுவார்கள். அங்கேயோ ஒரே மரக்கரண்டி ஐந்து பேர் வாய்க்கும் போய்விட்டுத் திரும்பப் பாத்திரத்துக்குள் போனது. என் முறை வந்தால் நீலப் பாத்திரத்திலிருந்து தனிக் கரண்டியில் எடுத்து, உதட்டருகே கொண்டுபோய், கண்ணை மூடி, "வெரி குட்" என்று சொல்லி இறக்கிவிடுவேன். இரண்டு வாரம் இப்படி ஏமாற்றினேன். வீட்டுக்கு வந்ததும், பொய் சொன்னால் விரதம் கெடுமா என்று யோசித்தபடியே தளிகை போட்டேன்.

மூன்றாவது சனிக்கிழமை கணவருக்கு ஆபீஸில் ஏதோ அவசரம். மகளையும் கூட்டிக்கொண்டு போக வேண்டியதாயிற்று. பிளம்பர் முகம் சுளிக்கவில்லை. மூலையில் இருந்த வாளியிலிருந்து குழாய்த் துண்டுகளைக் கொட்டி, கழுவித் துடைத்து, இரண்டு அடுப்புகளுக்கும் எதிரே கவிழ்த்துப் போட்டு, அவளைத் தூக்கி அதன்மேல் நிறுத்தினார். பிறகு என் பக்கம் திரும்பினார். ரொட்டியில் ஒரு துண்டைப் பிய்த்து, நீலப் பாத்திரத்தில் தோய்த்து என்னிடம் நீட்டி, இன்றைக்கு நீதான் சொல்ல வேண்டும், இதில் என்ன குறை என்றார். எல்லோரும் என்னையே பார்த்தார்கள். குழந்தை வாய் வைத்தால் எச்சில் இல்லை என்று அம்மா சொல்வாள். அந்தச் சலுகையைப் பிடித்துக்கொண்டு, துண்டை மகளிடம் கொடுத்தேன். "நீ சொல்லுடா குட்டி, உப்பு சரியா இருக்கா?"

அவள் மென்றாள். யோசித்தாள். "நோ சால்ட்" என்றாள்.

உண்மையிலேயே அதில் யாரும் உப்பே போடவில்லை. பிளம்பர் அந்தப் பேஸ்மென்டே அதிரச் சிரித்தார். முப்பது வருடமாக என் குழாய்களைப் பார்க்க இன்ஸ்பெக்டர்கள் வருகிறார்கள், இப்படி ஒரே பார்வையில் கண்டுபிடித்தவரைப் பார்த்ததில்லை என்றார். உப்புப் போட்டு மறுபடி ஒரு துண்டு கொடுத்தார். தின்றாள். இன்னும் கொஞ்சம் என்றாள். என் மகள், அவளாகவே, இன்னும் கொஞ்சம் என்றாள்.

அவர் வேறொருவருக்கு மாவு பிசைந்து காட்ட நகர்ந்தார். நான் மகளைப் பார்த்துக்கொண்டே நின்றேன். அவள் தானே ஒரு துண்டைப் பிய்த்து, இந்த முறை பெரிய பாத்திரத்தின் பக்கம் சாய்ந்து தோய்த்தாள். என் கை எழுந்தது. அதற்குள் அவள் வாயில் போட்டுக் கண்ணை மூடிக்கொண்டாள். மறுபடி பிய்த்தாள், மறுபடி தோய்த்தாள். தெரியாமல் நடந்துவிட்டது என்று சொல்லிக்கொள்ள எனக்கு ஆசைதான். ஆனால் எது எந்தப் பாத்திரம் என்று எனக்கு நன்றாகத் தெரியும். எழுந்த கையை நான் இறக்கிக்கொண்டேன். மூன்றாவது துண்டில் நகக்கண் அளவு இறைச்சி நார் ஒட்டிக்கொண்டு வந்தது. பிளம்பர் திரும்பியதும் அதைப் பார்த்துப் பதறி, தடுக்கக் கையை நீட்டினார். நீட்டியவர் என் முகத்தைப் பார்த்தார். "இட்ஸ் ஓகே" என்றேன். அவர் கையை எடுத்துக்கொண்டார். அவள் நான்காவது துண்டையும் தின்றாள்.

வீட்டுக்கு வந்து தலைக்குக் குளித்தேன். அவளையும் குளிப்பாட்டினேன். சர்க்கரைப் பொங்கலும் புளியோதரையும் செய்து பெருமாள் படத்தின் முன் வைத்துவிட்டு, வணங்கத் தெரியாதவளைப் போல நின்றேன். மாலையில் கணவர் கேட்டார், "என்ன சாப்பிட்டா?" "பாஸ்தா சாஸ்" என்றேன்.

அதற்குப் பிறகு அவளை வகுப்புக்குக் கூட்டிப் போகவில்லை. கடைசி வாரம் பிளம்பர் அந்த வாளியை என் காரில் ஏற்றிவிட்டார். இன்ஸ்பெக்டருக்கு உயரம் வேண்டும் என்றார். அன்று நடந்ததைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அதற்காக இன்றும் அவருக்கு நன்றி சொல்லிக்கொள்கிறேன். வாளியை எங்கள் அடுப்பருகே போட்டேன். சாம்பாரோ ரசமோ கொதிக்கும்போது அவள் ஏறி நின்று, உப்பு, காரம், புளி எல்லாவற்றுக்கும் தீர்ப்புச் சொன்னாள். தீர்ப்புச் சொல்ல நாலைந்து வாய் தேவைப்பட்டது. தன் தீர்ப்புப்படி செய்ததை அவள் துப்பவில்லை. டிசம்பரில் டாக்டர் புதுப் புள்ளி வைத்தார். கோடு மேலே திரும்பியிருந்தது. "பாத்தியா, நீ பட்டினி கிடந்தது வீண் போகல" என்றார் கணவர். அம்மா போனில் அழுதாள். "பெருமாள் கண்ணைத் திறந்துட்டார்டி" என்றாள். அவர் திறந்த கண்ணால் எதையெல்லாம் பார்த்தாரோ என்று நினைத்துக்கொண்டு, "ஆமாம்மா" என்றேன்.

அவளைத் தேற்றியது வேண்டுதலா, வாளியா, அந்தப் பெரிய பாத்திரமா? இதை நான் எத்தனையோ முறை கேட்டுப் பார்த்துவிட்டேன். தடுத்திருந்தால் வாளியின்மேல் நின்ற அந்தச் சந்தோஷம் அங்கேயே உடைந்திருக்குமோ என்று ஒரு நாள் தோன்றும். வெறும் நீலப் பாத்திரமே போதுமாயிருந்திருக்கும், நான்தான் அவசரப்பட்டுவிட்டேன் என்று மறுநாள் தோன்றும்.

போன சனிக்கிழமை, மறுபடி புரட்டாசி. நான் விரதம். தளிகைக்குச் சாம்பார் கொதித்துக்கொண்டிருந்தது. எட்டு வயதுக்கும் குழந்தை என்கிற சலுகை உண்டா என்ற சந்தேகத்தோடேயே அவளிடம் கரண்டியை நீட்டினேன். வாளியில் உட்கார்ந்திருந்தவள் ருசி பார்த்து, "உப்பு போதும்மா" என்றாள். பிறகு மடியிலிருந்த தாளை நீட்டினாள். மூன்றாம் வகுப்பில் தங்களைப் பற்றி ஐந்து உண்மைகள் எழுதச் சொல்லியிருக்கிறார்கள். "எல்லாம் ட்ரூவான்னு பேரன்ட் செக் பண்ணி சைன் பண்ணணும். டீச்சர் செட் ஸோ" என்றாள்.

முதல் வரி அவள் பெயர். இரண்டாவது பிறந்த ஊர். மூன்றாவது வரியைப் பச்சை கிரேயானில் பெரிதாக எழுதி, அதன் கீழே ஒரு கேரட்டும் வரைந்திருந்தாள். பிறந்ததிலிருந்து நான் ஒரு தடவைகூட மாமிசம் சாப்பிட்டதே இல்லை என்று ஆங்கிலத்தில்.

பேனாவை எடுத்தேன். ஹாலில் கணவர் யாருடனோ போனில் பேசிக்கொண்டிருந்தார். கையெழுத்துப் போட ஒரு நொடி ஆகாது. பேனாவைத் தாளுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, அடுப்பை அணைத்தேன். அவள் எதிரே தரையில் உட்கார்ந்தேன். வாளியில் இருந்ததால் அவள் முகம் என் முகத்தைவிடச் சற்று உயரத்தில் இருந்தது. நான் இப்படி எதிரே வந்து தரையில் உட்கார்ந்து அவள் பார்த்ததில்லை. முழங்காலைச் சேர்த்துக்கொண்டு கேட்டாள்.

"அம்மா, ஆம் ஐ இன் டிரபிள்?"

"நீ இல்லடா குட்டி," என்றேன். "நான்தான்."