கொரியா அக்காவின் சோற்று உருண்டை

போன வருடம் மே மாதம், ஹம்பேர்க்கில் எங்கள் மாடிக் குடியிருப்பில் நடந்தது இது. மேல் வீட்டில் இருப்பவர் ஓய்வுபெற்ற தாதி. இளம் வயதிலேயே கொரியாவிலிருந்து வேலைக்கென்று ஜெர்மனிக்கு வந்தவர். அவரை நான் அக்கா என்றே கூப்பிடுவேன். அந்த ஒரு தமிழ்ச் சொல் அவருக்கும் பழகிவிட்டது. மற்றதெல்லாம் எங்களுக்குள் டொச்சில், அதாவது ஜெர்மன் மொழியில்தான்.

அன்று சாப்பிட வரச் சொன்னார். போனால், மேசையில் ஒரு இளைஞனின் படம், மெழுகுதிரி, முன்னால் தட்டு நிறையச் சோற்று உருண்டைகள். ஐயோ, ஊரில் கீரிமலைக் கடலில் அப்பாவுக்குக் கரைத்த பிண்டம்தான் கண்ணில் நின்றது. அக்கா ஒன்றை எடுத்து நீட்டினார். நான் கையை இழுத்துக்கொண்டு, “இண்டைக்கு விரதம் அக்கா, ஏலாது” என்று வாய் கூசாமல் ஒரு பொய்யை அவிழ்த்துவிட்டேன்.

அவர் முகம் வாடிவிட்டது. “முந்தி இந்த நாளுக்குக் கன பேர் வருவினம். இப்ப எல்லாரும் போய்ச் சேர்ந்திட்டினம். நீரும் சாப்பிடாட்டி ஆர் சாப்பிடுறது?”

படத்தில் இருந்தது அவருடைய தம்பி. 1980 மே மாதம் கொரியாவில் இராணுவ ஆட்சிக்கு எதிராக மாணவர்கள் எழுந்தபோது, தெருவில் சுடப்பட்டு இறந்தவன். சந்தைப் பெண்கள் தெருவிலேயே சோறாக்கி, தட்டில் போட நேரமில்லாமல், உருட்டி உருட்டி மாணவர்களின் கையில் வைத்தார்களாம். அந்த நினைவுக்குத்தான் இந்த உருண்டை. செத்தவனுக்குப் படைப்பதல்ல, இருப்பவர்கள் சாப்பிடுவது. அக்கா அப்போது இங்கே ஆஸ்பத்திரி வேலையில். எல்லாவற்றையும் டிவியில்தான் பார்த்தார்.

“அவன் பசியோட செத்தானோ, ஒரு உருண்டையெண்டாலும் திண்டானோ? அது மட்டும் தெரிஞ்சால் காணும்” என்றார்.

ஊரில் சண்டைக்காலத்தில் நாங்கள் இடம்பெயர்ந்து கோயில் மண்டபத்தில் கிடந்தபோது, யாரோ ஒரு அம்மா எனக்கும் இப்படித்தான் சோறு குழைத்து உருட்டித் தந்தார். அவருடைய பேர்கூடத் தெரியாது.

தட்டிலிருந்து ஒன்றை எடுத்து வாயில் வைத்தேன். நல்லெண்ணெய் மணத்தது. “எனக்கும் ஒருத்தர் இப்பிடித் தந்தவ, அக்கா. ஷெல் விழேக்கையும் பசிக்கும். நான் திண்டனான். அவனும் திண்டிருப்பான்.”

அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். பிறகு மூக்கைத் துடைத்துவிட்டு, “அப்ப விரதம்?” என்றார். எனக்கு அழுகையோடு சிரிப்பும் வந்துவிட்டது.

இந்த மே மாதம் உருண்டை சாப்பிடவென்றே வயிற்றைக் காயவைத்துக்கொண்டுதான் மாடியேறினேன். ஆனால் அந்த மண்டபத்து அம்மாவை எங்கேயாவது கண்டுபிடித்து, ‘நான் சாப்பிட்டேன், அம்மா’ என்று ஒரு வார்த்தை சொல்ல மாட்டேனா என்று மனம் இன்னும் ஏங்குகிறது.