ஜெர்மன்காரன் தொப்பி

அல்போன்ஸ் மணப்பாட்டு மீனவக் குடும்பம். பெரியப்பா மகன் தாமஸ் கூப்பிட்டான் என்று ஐம்பத்தாறில் போர்ட் பிளேருக்குக் கப்பலேறி வந்தவன். தாமஸின் கொழுந்தியாள் கிளாராவைத்தான் கட்டினான். துறைமுக ஜெட்டியில் வேலை. வருகிற கப்பலிலிருந்து வீசும் கயிற்றைப் பிடித்து இரும்புத் தூணில் மாட்ட வேண்டும். ஆனால் அவன் குடியிருந்த ஜங்லிகாட்டில் ‘ஜெர்மன் சாப்’ என்றால்தான் அவனைத் தெரியும்.

தமிழர்கள் பொங்கலுக்குப் பொங்கல் போட்ட நாடகத்தால் வந்த பெயர் அது. முதல் உலக யுத்தத்தில் ஜெர்மன் கப்பலிடம் சிக்கிய மீனவன் தப்பிக் கரையேறுகிற கதை. ஆபீஸ் கிளார்க் சொக்கலிங்கம்தான் மீனவன். ஜெர்மன் கேப்டன் அல்போன்ஸ். கேப்டனுக்கு இரண்டே காட்சி. முகத்தில் பவுடரை அப்பி, தொப்பியைச் சாய்த்து வைத்து, மீனவனை அடைத்துவைக்கச் சொல்லி, “சுப்! பந்த் கரோ இஸ்கோ!” என்று கத்திவிட்டுப் போக வேண்டும். ஜெர்மன்காரனுக்கு இந்தி எப்படி வந்தது என்று யாரும் கேட்கவில்லை. பார்க்க வந்த பெங்காலிக்கும் ராஞ்சிக்காரனுக்கும் புரிந்த ஒரே வசனம் அதுதான்.

அல்போன்ஸுக்கு அந்தப் பெயர் கசந்தது. ஏழு வருடமாகத் திரைக்குப் பின்னால் நின்று மீனவன் வசனம் முழுக்க மனப்பாடம் செய்திருந்தான். மாலை என்னவோ சொக்கலிங்கத்துக்குத்தான் விழுந்தது.

“அவரு கரையேறுற இடத்துல எனக்கு அழுகையே வந்துட்டு” என்று கிளாரா சொன்ன அன்று அவன் சோற்றைத் தொடவில்லை.

“மீனவனாம்! வலையில ஒரு முடிச்சுப் போடத் தெரியுமாட்டி அந்தக் கிளார்க்குக்கு?”

அறுபத்தெட்டில், தங்கை கல்யாணத்துக்கு மெயின்லேண்ட் போன சொக்கலிங்கம் திரும்பவில்லை. கப்பல் மெட்ராஸிலிருந்தே தாமதம் என்று சேதி. நாடகம் நடத்தும் பன்னீர்செல்வம் அல்போன்ஸைக் கூப்பிட்டார்.

“வசனம் தெரியுமாடா?”

“தெரியும்ணே. அவரு விடுற தப்பும் தெரியும்.”

நான்கு நாள் ஒத்திகை நடந்தது. கப்பல் வரக்கூடாது என்று மாதாவிடம் கேட்க வெட்கப்பட்டு, “மெதுவா, பத்திரமா வரட்டும் தாயே” என்று வேண்டிக்கொண்டான்.

நாடகத்தன்று காலையிலேயே கப்பல் வந்துவிட்டது. மேல்தளத்தில் சொக்கலிங்கம் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். கயிறு பறந்து வந்தது. அல்போன்ஸின் கை எழவில்லை. கயிறு தண்ணீரில் விழுந்தது.

“க்யா ஹுவா ரே? சோ கயா க்யா?” என்று, தூங்கிவிட்டானா எனக் கேட்டு மேஸ்திரி கத்தினார்.

இரண்டாம் தடவை பிடித்தான். யார் வரக்கூடாதோ அவரைத் தன் கையாலேயே இழுத்துக் கட்டினான்.

இறங்கிய சொக்கலிங்கத்துக்குக் கால் நிற்கவில்லை. வழியெல்லாம் வாந்தி.

“அல்போன்ஸ், மீனவனை நீயே பண்ணுப்பா. எனக்கு அவ்வளவு நேரம் நிக்கத் தெம்பில்ல. ஜெர்மன்காரன் ரெண்டு சீன்தானே, நாற்காலி போட்டா உக்காந்தே பண்ணிடுவேன்.”

தொப்பியை அல்போன்ஸே ஓடிப்போய் எடுத்துக் கொடுத்தான்.

அன்று அவன் வசனத்தில் ஒரு சொல் விடவில்லை. கரையேறினான், கிளாரா அழுதாள், மாலையும் விழுந்தது. ஆனால் இரண்டாம் காட்சியில் சொக்கலிங்கம் கத்தவே இல்லை. கத்தத் தெம்பில்லை. வெளிறிப்போன முகத்தோடு நாற்காலியில் சாய்ந்து, கண்ணைப் பாதி மூடி, ஒரு விரலை மட்டும் அசைத்து, “பந்த் கரோ” என்றார். அப்புறம் பறந்தது பாருங்கள் விசில்!

மறுநாள் மீன் கடையில் அல்போன்ஸ் நெஞ்சை நிமிர்த்தி நின்றான். பெங்காலிக் கடைக்காரர் அவனைத் தாண்டிப் பார்த்து எழுந்து மரியாதையாக அழைத்தார்.

“அரே, ஜெர்மன் சாப்! ஆயியே, ஆயியே!”

பின்னால் சொக்கலிங்கம் பையோடு வந்துகொண்டிருந்தார்.

“தும்கோ க்யா சாஹியே, பாய்?” என்றார் கடைக்காரர், அல்போன்ஸிடம். உனக்கென்ன வேணும் என்று, யாரோ ஒருவனைக் கேட்பதுபோல.

மீன் வாங்காமலே நேராகப் பன்னீர்செல்வம் வீட்டுக்குப் போனான். மூட்டை கட்டி வைத்திருந்த உடுப்புகளுக்குள் கையை விட்டுத் தொப்பியை உருவினான்.

“அடுத்த வருஷமும் நீதான்டா மீனவன்” என்றார் அவர்.

“மீனவன அவருக்கே குடுத்துருங்கண்ணே. ஜெர்மன்காரன அவருட்ட விட்டா கெடுத்துருவாரு.”

தொப்பியை டிரங்குப் பெட்டியில் வைத்துப் பூட்டி, சாவியை ஜெபமாலையோடு கோத்துக் கழுத்தில் போட்டுக்கொண்டான்.

எழுபத்தாறில் நாடகம் நிற்கும்வரை ஜெர்மன்காரன் அவன்தான். ஒரு வருடம்கூடக் கத்தவில்லை. நாற்காலியில் சாய்ந்து, கண்ணைப் பாதி மூடி, ஒரு விரலை மட்டும் அசைப்பான். எதிரே கைதியாக நிற்கும் சொக்கலிங்கம் மேடையிலேயே பல்லைக் கடித்துக்கொண்டு முணுமுணுப்பார்:

“என் விரல்டா அது.”