சாலம்மாளின் பாட்டும் நான் விட்ட ராணியும்

களமருதூரில் நாற்று நட ஆள் கூப்பிடுகிறவர்கள் முதலில் சாலம்மாளைத்தான் கேட்பார்கள். சொந்தமாக ஒரு சாண் நிலம் கிடையாது. ஆனால் சேற்றில் இறங்கி அவள் ஒரு வரி எடுத்துவிட்டால் இருபது பெண்கள் ஒன்றாகக் குனிந்து ஒன்றாக நிமிர்வார்கள். அவள் குரலைக் கேட்டு உளுந்தூர்பேட்டையில் ரயிலே நின்றது என்று பேரப்பிள்ளைகளிடம் சொல்லியிருக்கிறேன். ரயில் நின்றது சிக்னலுக்காக. இந்தக் கதையில் அப்படி எதையும் கலக்கவில்லை. கலந்ததால் வந்த வினைதான் இது.

எழுபத்து நாலில், நாட்டின் பழைய பாடல்கள் அழிந்துபோகக்கூடாது என்று வானொலிக்காரர் இருவர் டேப் ரிக்கார்டரோடு வந்தார்கள். நான் அப்போது பள்ளிக்கூட டீச்சர். அன்று எங்கள் வயலில் நடவு. சாலம்மாளைக் காட்டினேன். பெருமையாகத்தான் இருந்தது, அவள் வாயைத் திறக்கும்வரை.

"கூழுக்குள்ள காக்கா நெழலு தெரியுதடி - காசிநாதர்
வூட்டுக் கூழு கண்ணாடியா மின்னுதடி!"

காசிநாதர் என் அப்பா. கூழ் அவ்வளவு தண்ணீர். நடவுப் பெண்கள் சிரித்தார்கள், வந்தவர்களும் சிரித்தார்கள். எனக்கு முகம் எரிந்தது.

"இது பழசு இல்லீங்க. இவ இப்ப கட்டுனது," என்றேன்.

பொய். அவள் மாமியாருக்கும் முந்தைய பாட்டு அது. வயலுக்கு வயல் சொந்தக்காரர் பெயரை மட்டும் மாற்றிப் போடுவார்கள். நடவுப் பாட்டே அப்படித்தான். அதைச் சொல்லாமல், முந்நூறு வருஷத்துக்கு முன்னால் ஒரு ராணி இங்கே தன் கையால் நாற்று நட்டாள், அசல் பாட்டு அவளைப் பற்றியது என்று அளந்தேன். ராணியின் மூக்குத்தியில் எத்தனை கல் என்பதுவரை சொன்னேன். வரப்பிலேயே உட்கார்ந்து நாலு வரி எழுதி, சாலம்மாளுக்கு வாயால் சொல்லிக்கொடுத்தேன்.

"டீச்சரம்மா, ராணி சேத்துல எறங்குனா சீலய எங்கங்க சொருவுவா?"

"சொன்னத பாடு."

பாடினாள்.

ஆறு மாதம் கழித்து வானொலியில் வந்தது. 'முந்நூறு ஆண்டுப் பாரம்பரியம்' என்றார் அறிவிப்பாளர். டீக்கடையில் ஊரே கூடிக் கேட்டது. சாலம்மாள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

"கொரலு என்னுதுதாங்க," என்றாள் என்னிடம். "யாரு பாட்டுன்னு கேட்டா நான் இன்னா சொல்றது?"

அதோடு விட்டேனா? ஆண்டு விழாக்களில் குழந்தைகளுக்கும் அந்த ராணியையே சொல்லிக்கொடுத்தேன்.

பத்து வருஷம் போனது. இருமல் வந்து சாலம்மாள் நடவுக்கு வருவது நின்றபோதுதான், அசல் பாட்டு அவளோடு போய்விடுமோ என்று எனக்குப் பயம் பிடித்தது. அவள் வாசலில் போய் உட்கார்ந்து, அவள் சொல்லச் சொல்லப் பாட்டை எழுதினேன். பாட்டில் அப்பா வந்தார். இன்னும் நாலைந்து நிலக்காரர்கள் வந்தார்கள். கடைசியில் நானே வந்தேன்:

"பாட்டத் தின்னு ஏப்பம் வுட்டா டீச்சரம்மா - அது
செரிக்கலயே, செரிக்கலயே, டீச்சரம்மா!"

இத்தனை வருஷமும் நான் வரப்பை விட்டுப் போனதும் இதைத்தான் பாடியிருக்கிறார்கள்.

வீட்டுக்கு வந்து வானொலிக்குக் கடிதம் எழுதினேன். ராணி பொய், அந்த நாலு வரி என்னுடையது, சாலம்மாளின் அசல் பாட்டு இது என்று. மறுநாள், தபாலில் போடுமுன் அவளிடம் படித்துக் காட்டினேன். எழுத்து தெரியாதவள், தொடையில் தாளம் போட்டபடி கேட்டாள். முடிந்த பிறகும் தாளம் நிற்கவில்லை.

"உங்க அப்பாரு இருக்காரு. உங்களத்தான் காணோம்."

அந்த இரண்டு வரியை மட்டும் விட்டிருந்தேன். பேனாவை எடுத்து, அங்கேயே எழுதிச் சேர்த்தேன்.

"இப்ப படிங்க," என்றாள். அதற்குள் பக்கத்து வீட்டுப் பெண்கள் நாலைந்து பேர் கூடிவிட்டார்கள். தலையைத் தூக்காமல் படித்தேன்.

"மெட்டோடங்க," என்றாள் சாலம்மாள்.