பாயசத்துக்கு முன் எழுந்தவர்

"ஏலே ஷிஜினே, செத்தவன் வயித்த எக்குவானாலே? மூச்ச மெதுவா விடு மக்கா" என்று பிணத்தை அதட்டினார் முத்துநாயகம். ரப்பர் தோட்டத்துச் சருகில் கிடந்த பிணம் ஒரு கண்ணைத் திறந்து, "கட்டெறும்பு கடிக்கி சாரே" என்றது.

"கடிக்கட்டும். நான் பாத்த ஒரு பிரேதமும் எறும்பத் தட்டிவிடல்ல."

குற்றப்பிரிவில் சப்-இன்ஸ்பெக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். சும்மா வீட்டில் கிடந்தால் மனைவி அஜிதா தேங்காய் துருவச் சொல்லுவாள் என்பதால், இப்போது கொலைக்கதை சொல்லும் யூடியூப் சேனலுக்கு ஆலோசகர். சேனல் நடத்தும் அனில்குமார், அவருடைய அக்காள் ஓமனாவின் மகள் வயிற்றுப் பேரன். சொந்தம் இல்லாவிட்டால் குழித்துறையில் யார் இவரிடம் ஆலோசனை கேட்கப் போகிறார்கள்? வீட்டுக்குள்ளும் கறுப்புக் கண்ணாடிதான். சொந்தக் கிணற்று மோட்டார் களவுபோனதற்கு மட்டும் இன்னும் துப்புத் துலங்கவில்லை. சேனலில் அந்தப் பேச்சே வராது.

வேலையில் இருந்த காலத்தில் துப்புத் துலக்க அவரிடம் ஒரே வழி. செத்தவர் வீட்டுப் பதினாறாம் நாள் அடியந்திர விருந்துக்கு மஃப்டியில் போவார். பந்தியில் உட்கார்ந்து வயிறு நிறையச் சாப்பிடுவார். "கையில ரத்தம் பட்டவனுக்கு இனிப்பு இறங்காது, கேட்டியா. பாயசம் வருகதுக்கு முன்ன எவன் எழும்புகானோ, அவன்தான் ஆளு."

அப்படி எழும்பியதற்காகப் பிடிபட்டவர்தான் பேச்சிப்பாறை முருகதாஸ். அந்தக் கேஸில் செத்தவருக்குச் சித்தப்பா மகன். கோர்ட்டு அவரை விட்டுவிட்டது, முத்துநாயகம் விடவில்லை. அன்றைய படப்பிடிப்பும் அதே கதைதான். கேள்விப்பட்டு முருகதாஸே வந்து நின்றார்.

"சாரே, மக அஸ்வதிக்கு கலியாணம் பேசிட்டிருக்கு. மாப்பிள்ள வீட்டுல எல்லாரும் இந்த சேனலுதான் பாக்காவ. ஆளு நான் இல்லன்னு ஒத்த வார்த்த சொல்லிரும்."

"பின்ன பாயசம் குடிக்காம ஏன்வே எழும்பினீரு?"

"எனக்கு அப்பவே சுகரு சாரே. டாக்டரே கோர்ட்டுல வந்து சொன்னாருல்லா?"

முத்துநாயகம் சட்டைப் பையைத் தடவிக்கொண்டார். உள்ளே இன்சுலின் ஊசி. அவருக்கும் இப்போது அதே வியாதி.

அனில்குமார் கேமராவைத் திருப்பினான். "பாட்டா, ஒரு வார்த்ததானே. சொல்லிருவமா?"

அந்த நேரம் பார்த்து அடைப்பிரதமன் பாயச வாளி வந்து சேர்ந்தது. சேனலில் லட்சம் பேர் சேர்ந்த கொண்டாட்டத்துக்கு அஜிதா வைத்து அனுப்பியது. கணவருக்கு மட்டும் ஒரு சொட்டும் கொடுக்கக் கூடாதென்று சொல்லியும் அனுப்பியிருந்தாள். யார் கேட்டார்கள்? ஆளுக்கொரு டம்ளர் நிறைத்துக் கொடுத்தார்கள். பிணம்கூட எழுந்து உட்கார்ந்து குடித்தது. முருகதாஸ் மட்டும் தன் டம்ளரை உள்ளங்கையால் மூடிக்கொண்டு, முத்துநாயகத்தையே பார்த்தார். கேமராவும் அவரையே பார்த்துக்கொண்டிருந்தது.

முத்துநாயகம் கறுப்புக் கண்ணாடியைச் சரிசெய்தார். ஒரே மடக்கில் குடித்தார். மீசையைத் துடைத்துவிட்டு, காலி டம்ளரை வாளிப் பக்கம் மறுபடியும் நீட்டினார்.