மூன்றாவது லெவலின் மெட்டு

விழுப்புரம் பைபாஸில் திண்டிவனம் பக்கமாக நடந்துகொண்டிருந்தேன். தோளில் லேப்டாப் பை, அக்குளில் சின்ன கீபோர்டு. செருப்பு வார் ஆபீஸ் படியிலேயே அறுந்துவிட்டது. தார் சுட்டது. திரும்பிப் போகும் எண்ணம் மட்டும் இல்லை.

ஒன்பதாவதோடு பள்ளியை விட்டவன் நான். பொம்மையார்பாளையத்தில் விடுதித் துணி துவைத்தேன், லாரியில் கிளீனராகப் போனேன், திருவிழாக்களில் மேள செட்டோடு கீபோர்டு வாசித்தேன். அங்கே என் வாசிப்பைக் கேட்டுவிட்டுத்தான், செல்போன் கேம் தயாரிக்கும் ஒருவர் தன் ஆபீஸுக்கு என்னை இசை போடக் கூப்பிட்டார்.

முதல் மெட்டு சொதப்பியது. கேம் இசைக்கு முடிவு கூடாது. வால் போய்த் தலையில் ஒட்டி, ஒட்டிய இடம் தெரியாமல் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும். நானோ திருவிழாப் பழக்கத்தில் கடைசியில் தீர்மானம் வைத்துவிட்டேன். ஒரே அடியை மூன்று முறை அடித்து முடிப்பது. ஆடிப் பார்த்தவர்களும் நம் ஊர்க்காரர்கள். மூன்றாவது அடி விழுந்ததும் ஆட்டம் முடிந்தது என்று விரலை எடுத்தார்கள். திரையில் ஓடிக்கொண்டிருந்தவன் பள்ளத்தில் விழுந்து செத்தான். ஆபீஸே சிரித்தது, நானும்தான். பிறகு ஒட்டுத் தெரியாமல் போடப் பழகினேன். மூன்றாவது லெவலுக்கு, மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, உடைக்கும் மில்லின் சத்தத்திலிருந்து ஒரு மெட்டு கட்டினேன். அது எனக்கே பிடித்திருந்தது.

செருப்பு அறுந்த அன்று காலை ஆபீஸ்காரர் கூப்பிட்டார்.

"ண்ணா, இனிமே கம்ப்யூட்டரே மியூசிக் போட்டுக் குடுத்துடும். உங்க மெட்டு எல்லாத்தையும் அதுக்குள்ள போடப் போறேன். அதே மாதிரி நூறு துப்பும். நீங்க ஒட்டு மட்டும் சரி பண்ணிக்கினு இருங்க."

"என் மெட்ட அதுக்குள்ள போடக் கூடாது."

"பேஜாரு பண்ணாதீங்கண்ணா. ஒம்பதாவது படிச்சவருக்கு வேற எவன் வேலை குடுப்பான்?"

"அத நான் பாத்துக்கிறேன்."

மெட்டுகளின் உரிமையை அவருக்கு நான் எழுதிக் கொடுக்கவில்லை. அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அவற்றை என் லேப்டாப்பில் ஏற்றிக்கொண்டு, ஆபீஸ் கம்ப்யூட்டரிலிருந்து அழித்தேன். அவர் போட்ட கத்தல் தெருமுனைவரை என்னோடு வந்தது.

பைபாஸில் ஒரு வெங்காய லோடு ஆட்டோ பக்கத்தில் நின்றது. ஓட்டியவருக்கு என்னைவிட வயது அதிகம்.

"இன்னாய்யா, பொட்டிய தூக்கிக்கினு வெறுங்கால்ல போற? ஏறு, திண்டிவனம்தான் போறேன்."

ஏறினேன். என்ன வேலை என்று கேட்டார். சொன்னேன்.

"கேமுக்கு எதுக்குய்யா மியூசிக்? எம் பொண்ணு சவுண்ட அமுக்கிட்டுத்தான் ஆடுது."

"அப்ப உங்க பொண்ணு பாதி கேம்தான் ஆடுதுங்க."

சிரித்துவிட்டார். பிறகு தன் குறையைச் சொன்னார். எல்லா வெங்காய வண்டி ஸ்பீக்கரிலும் ஒரே பொம்பளைக் குரல். எந்த வண்டி வருகிறது என்று யாருக்கும் தெரிவதில்லை. வாசலுக்கு வருவதற்குள் வண்டி தாண்டிவிடுகிறது.

நான் லேப்டாப்பைத் திறந்து மூன்றாவது லெவலைப் போட்டேன். டோல்கேட் தாண்டி வண்டியை ஓரங்கட்டி, இன்னொரு தடவை போடச் சொன்னார்.

"இத என் வண்டியில போடுறியா?"

"போடுறேன். ஆனா யாருக்கும் இத காப்பி எடுத்துக் குடுக்கக் கூடாது. நானும் வண்டியிலயே இருப்பேன்."

"திமிரு புடிச்ச ஆளுய்யா நீ. காலையில ஜல்தியா வந்து சேரு."

மறுநாள் காலை பிரம்மதேசம் பக்கம் போகும் அந்த வண்டியில் வெங்காயம் நிறுத்துப் போடும் வேலைக்கு ஏறினேன். ஸ்பீக்கரில் என் மெட்டு ஓடியது. இந்த முறை வேண்டுமென்றே தீர்மானம் வைத்திருந்தேன். மூன்றாவது அடி விழுந்ததும் அவர் பிரேக் போட்டார். நான் தராசைத் தூக்கினேன்.