நான் போகாத கடையில் என் கார்டு

வங்கியில் கார்டு புகார் மேசையில் உட்கார்ந்திருப்பவளிடம் யாரும் வணக்கம் சொல்லிக்கொண்டு வருவதில்லை. "இந்தக் கடைக்கு நான் போனதே இல்லை" என்று சொல்லிக்கொண்டுதான் வருவார்கள். உங்களுக்கும் இது நடந்திருக்கும். மாதக் கடைசியில் ஸ்டேட்மென்ட்டைத் திறந்தால், அரிசியும் பருப்பும் வாங்கிய கடையின் பெயர் அதில் இருக்காது. யாரோ ஒரு என்டர்பிரைசஸ், எங்கோ ஒரு டிரேடர்ஸ், பாதியில் வெட்டுப்பட்ட ஏதோ ஓர் ஆங்கிலப் பெயர். அந்தக் காகிதத்தோடு எழுந்து வருகிறவர்களுக்குப் பதில் சொல்வதுதான் என் வேலை.

திருவனந்தபுரத்தில் சாலைக் கடைத்தெருவுக்குப் பக்கத்தில் எங்கள் கிளை. தமிழர்கள் நிறைய வருகிற இடம். எனக்குத் தமிழ், மலையாளம் இரண்டும் வரும் என்பதால் அந்த நாற்காலியில் என்னை உட்கார வைத்தார்கள். ஒப்பந்த வேலைதான். வருஷா வருஷம் மேனேஜர் கையெழுத்துப் போட்டால் நீடிக்கும்.

மாமியும் மீன் கம்பெனியும்

வலியசாலையிலிருந்து விசாலம் மாமி வந்தார். கணவர் வாசலிலேயே நின்றுவிட்டார், உள்ளே வரவில்லை. மாமி ஸ்டேட்மென்ட்டை மேசையில் வைத்து, விரலால் தொடக்கூடப் பிடிக்காத மாதிரி பேனா முனையால் ஒரு வரியைக் காட்டினார். 'மரைன் எக்ஸ்போர்ட்ஸ்' என்று இருந்தது. கீழே இன்னொரு தடவை. அதற்குக் கீழே மறுபடியும். "ஏண்டிம்மா, முட்டை போட்ட கேக்கைக்கூட நாங்க ஆத்துக்குள்ள விடமாட்டோம். எங்க கார்டுல மீன் கம்பெனி எப்படி வந்தது? வரி கட்டறதுக்கு இந்தக் காகிதம் என் கொழுந்தனார் கைக்குப் போகும். அவர் வாய் சும்மா இருக்குமா?"

பையில் பழைய பில் ஏதாவது இருக்கிறதா என்று கேட்டேன். இருந்தது. கரமனை பக்கம் ஒரு சூப்பர் மார்க்கெட்டில் புளி, மிளகாய்வற்றல், அப்பளம். பில்லில் இருந்த தொகையும் ஸ்டேட்மென்ட்டில் இருந்த தொகையும் பைசா சுத்தமாகப் பொருந்தின. அந்தக் கடையின் முதலாளி முன்பு மீன் ஏற்றுமதி செய்தவர். கார்டு தேய்க்கிற மெஷினை அந்தப் பழைய கம்பெனியின் பெயரிலேயே வைத்திருந்தார். வாசலில் எழுதியிருக்கிற பெயர் ஸ்டேட்மென்ட்டில் வராது, பதிவு செய்த பெயர்தான் வரும் என்று விளக்கினேன். நிம்மதியாகப் போவார் என்று நினைத்தேன். மாமி நேராகக் கடைக்குப் போனார். பெயரை மாற்ற முடியாது என்று முதலாளி சிரித்திருக்கிறார். இவர் கூடையில் எடுத்ததையெல்லாம் திரும்ப அந்தந்த அலமாரியில் அடுக்கி வைத்துவிட்டு வந்திருக்கிறார். தெருவிலிருந்து இன்னும் நாலைந்து வீட்டுக்காரர்களும் அந்தக் கடைக்குப் போவதை நிறுத்தினார்கள். மழை தொடங்குவதற்குள் மெஷினில் பெயர் மாறிவிட்டது. அடுத்த தடவை மாமி வங்கிக்கு வந்தபோது, முதலாளியிடம் என்னதான் சொன்னீர்கள் என்று கேட்டேன்.

"மீன் வித்த பேர்ல அவர் எனக்குப் புளி விக்கலாம், மீன் வாங்கின பேரோட நான் ஆத்துக்குள்ள போக முடியாது, அவ்வளவுதான் சொன்னேன், கேட்டியா?"

எனக்கும் வந்தது

ஊர்க் கணக்கையெல்லாம் பார்க்கிற நான் என் கணக்கைப் பார்த்து எத்தனையோ மாதம் ஆகியிருந்தது. ஒருநாள் பார்த்தால், மளிகை வீட்டுக்குக் கொண்டுவந்து தருகிற ஒரு செயலியின் பெயரில் மாதாமாதம் ஒரு சின்னத் தொகை. நான் எதுவும் வாங்காத மாதத்திலும் போயிருக்கிறது. என்றைக்கோ 'டெலிவரி இலவசம்' என்று வந்ததைத் தொட்டிருக்கிறேன். இலவசம் முடிந்ததும் அது தானாகவே சந்தாவாகிவிட்டது.

அவர்களைக் கூப்பிட்டேன். "நீங்க சம்மதிச்சிருக்கீங்க மேடம்" என்றது ஒரு குரல். "எப்ப முடிஞ்சதுன்னு எனக்கு யாராவது சொன்னீங்களா?" என்று கேட்டேன். வேறொருவருக்கு மாற்றினார்கள். அவரிடமும் அதையே கேட்டேன். மூன்றாவது ஆளிடமும் கேட்டேன். மத்தியானச் சாப்பாடு டப்பாவிலேயே ஆறிப்போனது. கடைசியில் சந்தாவை ரத்து செய்தார்கள். போன மாதத்துப் பணத்தை மட்டும் திருப்பித் தருவோம் என்றார்கள். மொத்தமும் வேண்டும் என்று எழுதிப் போட்டேன், வந்தது. இந்த ஆர்ப்பாட்டத்தையெல்லாம் பக்கத்து மேசையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்த ஷீஜா, காய்ச்சலைப் 'பனி' என்கிற தன் மலையாளத்தோடு தமிழையும் கலந்து கேட்டாள்:

"எடீ, டாக்டருக்கே பனி வந்தா, நாங்க ஆரப் போயிக் காணும்?"

செவ்வாய்க்கிழமை எங்கே இருந்தார்?

ராணி வந்து நின்ற வேகத்தில் மேசை மேலிருந்த காகிதங்கள் பறந்தன. அவள் கணவர் முருகன், சாலைக் கடைத்தெருவில் ஓர் இரும்புக் கடையில் கணக்கெழுதுகிறவர். அவருடைய கிரெடிட் கார்டில், செவ்வாய்க்கிழமை தேதியில், கொச்சியில் உள்ள ஏதோ ஒரு மளிகை நிறுவனத்தின் பெயர். "செவ்வாய்க்கிழமை பூரா கடையிலதான் இருந்தேங்காரு. அப்ப கொச்சியில இவரு கார்டுல மளிகை வாங்கினது ஆரு? எந்த வீட்டுக்கு?" முருகனுக்குப் போன் போட்டேன். "நான் எதையும் நிரூபிக்க வரமாட்டேன் மேடம். கல்யாணமாகி இத்தனை வருஷத்துக்கு அப்புறம் நம்பலன்னா நம்பலதான்" என்று வைத்துவிட்டார். அவருக்கும் ரோஷம்.

ஞாயிற்றுக்கிழமை என்ன செய்தீர்கள் என்று ராணியிடம் கேட்டேன். இரண்டு பேரும் சேர்ந்து பேட்டை பக்கம் ஒரு கடையில் அரிசி, எண்ணெய், குக்கர் கேஸ்கட் வாங்கியிருக்கிறார்கள். பில் அவள் பர்ஸிலேயே இருந்தது. அதே தொகை. கடை இங்கே, தலைமை அலுவலகம் கொச்சியில். அதனால் அந்த ஊர்ப் பெயர். ஞாயிறு விற்பனை கார்டுக் கணக்கில் ஏறியது செவ்வாயன்று. அதனால் அந்தத் தேதி. 'கொச்சிக்குப் போன' மனுஷனின் பக்கத்தில் இவளே நின்று கேஸ்கட்டுக்குப் பேரம் பேசியிருக்கிறாள். ராணி பில்லையும் ஸ்டேட்மென்ட்டையும் மாற்றி மாற்றிப் பார்த்தாள். முகத்தில் சிரிப்பு வரப் பார்த்தது. அதை அடக்கிக்கொண்டு பர்ஸை மூடினாள்.

"செவ்வாய்க்கிழமை சரியாப் போச்சு மேடம், ஆனா நம்பலன்னா நம்பலதான்னு என்கிட்டயே சொன்னாரு பாருங்க, அதுக்கு எந்த மேசையில புகார் குடுக்கணும்?"

இசக்கியம்மாள் வரிசையில் நின்றார்

இதுவரை சொன்னவை பெயர்க் குழப்பம். விளக்கினால் தீர்ந்தது. இது அப்படியல்ல. இசக்கியம்மாள் நாங்குநேரிப் பக்கத்துக்காரர். தம்பானூரில் ஒரு ஹோட்டலில் சமையலுக்குக் காய் வெட்டுகிறார். சம்பளம் எங்கள் கிளைக் கணக்குக்கு வரும். ஹாஸ்டலுக்குப் போகிற மகளுக்காக ஒரு கடையில் சாமான் வாங்கி கார்டைக் கொடுத்திருக்கிறார். மெஷின் 'தோல்வி' என்றது. பில் போடுகிற பெண் மறுபடி ரகசிய நம்பர் போடச் சொன்னாள். போட்டார். கணக்கில் இரண்டு தடவையும் பணம் போயிருந்தது. மகளின் நர்சிங் பரீட்சைக்குக் கட்ட வைத்திருந்த பணம் அது.

எங்கள் மேனேஜர் ரமேசன் சார் திரையை எட்டிப் பார்த்தார். "ரெண்டு பிராவஸ்யம், ரெண்டு தடவை, பின் நம்பர் அடிச்சு. ரெண்டு பர்ச்சேஸ். கஸ்டமர் சம்மதிச்சுன்னு எழுதி க்ளோஸ் செய்யூ, சித்ரா." நான் இசக்கியம்மாளைப் பார்த்தேன். அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். கையில் ஒரே ஒரு பில். ஒரே மூட்டை சாமானை அடுத்த நிமிஷமே மறுபடி யார் வாங்குவார்கள்? "இவங்க சம்மதிக்கல சார். சம்மதிச்சதா நான் எழுத மாட்டேன்" என்றேன். எனக்கே என் குரல் புதிதாகக் கேட்டது. சார் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.

சாப்பாட்டு நேரத்தில் நானும் இசக்கியம்மாளும் அந்தக் கடைக்கு நடந்தே போனோம். "எங்களுக்கு ஒரு தடவைதான் பணம் வந்தது, பாக்கியை பேங்க்ல கேளுங்க" என்றார் சூப்பர்வைசர். அதை எழுதித் தரச் சொன்னேன். எழுதித் தருகிற வழக்கம் இல்லை என்றார். இசக்கியம்மாள் ஒரு தீப்பெட்டியை எடுத்துக்கொண்டு பில் போடுகிற வரிசையில் போய் நின்றார். முறை வந்ததும் தீப்பெட்டியை வைத்தார். "இதுக்குக் காசு தாரேன். அதோட, அன்னைக்கு என் கார்டுல உங்க மெஷினுக்கு என்ன வந்துச்சுங்கிற சீட்டையும் குடு தாயி." வரிசை நீண்டது. பின்னால் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். சூப்பர்வைசர் ஓடி வந்து, "சேச்சி, ஆளுங்களைத் தடுக்காதீங்க" என்றார். "நான் எங்கய்யா தடுக்கேன்? வரிசையிலதான நிக்கேன்? என் முறை இன்னும் முடியலயே" என்றார் இவர். பின்னால் நின்ற ஒரு பெரியவர், "அது கொடுக்கடோ" என்று மலையாளத்தில் அதட்டினார். அப்புறம் இன்னொரு பெண். அதற்கப்புறம் வரிசை முழுக்க. பில் போடுகிற பெண் சூப்பர்வைசரின் முகத்தைக்கூடப் பார்க்காமல் அந்த நாளின் மெஷின் சீட்டை அச்சடித்துக் கொடுத்துவிட்டாள். ஒரே ஒரு தொகைதான் கடைக்குப் போயிருந்தது.

அந்தச் சீட்டையும் பில்லையும் சேர்த்துப் புகாரை நானே தலைமை அலுவலகத்துக்கு அனுப்பினேன். நகலில் ரமேசன் சார் பெயரையும் போட்டேன். மகளின் பரீட்சைப் பணத்தை ஹோட்டலில் கூட வேலை பார்ப்பவர்கள் சேர்ந்து கட்டிவிட்டார்கள். சில வாரம் கழித்து, நடுவில் எங்கோ மாட்டிக்கொண்டிருந்த அந்தப் பணம் அவர் கணக்குக்குத் திரும்பி வந்தது. அன்று மத்தியானமே இசக்கியம்மாள் வந்தார். நன்றி சொல்ல வந்திருக்கிறார் என்று எழுந்து நின்றேன். அவர் பார்வை எனக்குப் பின்னால் இருந்த மேனேஜர் அறைக் கதவில் இருந்தது.

"பணம் வந்துட்டும்மா, நான் சம்மதிச்சேன்னு எழுதச் சொன்னாருல்லா, அவருகிட்ட ஒரு வார்த்த கேக்கணும், வரிசையில நிக்கட்டா, இல்ல நேரா உள்ள போவட்டா?"

நாற்காலி மாறியது

வருஷக் கடைசியில் ரமேசன் சார் என்னை அறைக்குக் கூப்பிட்டார். நம் கிளையில் கார்டு புகார் ஏன் இவ்வளவு கூடியிருக்கிறது என்று மேலிடத்தில் கேட்கிறார்களாம். அது என்னால்தானாம். "முன்னாடியும் இவ்வளவு பேர் வந்தாங்க சார். இப்ப எழுதி வைக்கிறோம்" என்றேன். என் ஒப்பந்தத் தாள் அவர் கைக்கு அடியில் இருந்தது. போகட்டும், சாலைக் கடைத்தெருவில் எந்தத் துணிக்கடையிலும் தமிழும் மலையாளமும் தெரிந்தவளுக்கு வேலை கிடைக்கும் என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டேன். மன்னிப்புக் கேட்பேன் என்று அவர் எதிர்பார்த்தார். நான் கேட்கவில்லை. ஏதோ முணுமுணுத்தபடி கையெழுத்துப் போட்டார். ஆனால் என்னைப் புகார் மேசையிலிருந்து எடுத்து, பாஸ்புக் பதிகிற மெஷினுக்குப் பக்கத்தில் போட்டார்.

புகார் மேசையில் யாரையும் உட்கார வைக்கவில்லை. ஆட்கள் வந்து காலி நாற்காலியைப் பார்ப்பார்கள். அப்புறம் நேராக மெஷின் பக்கம் வருவார்கள். பாஸ்புக் பதிய ஒருவர், கார்டுக் கேள்வியோடு ஐந்து பேர். மெஷின் சத்தத்துக்கு மேலே கத்திக் கத்தி, 'அது கடையோட பதிவுப் பேரு', 'அது சந்தா, இன்னைக்கே நிறுத்துங்க', 'இது தப்பு, விடாதீங்க, எழுதிக் குடுங்க' என்று சொல்லிக்கொண்டிருக்கிறேன். போன வாரம் ரமேசன் சார் தன் போன் திரையை ஒரு கையால் மறைத்துக்கொண்டு மெதுவாக அங்கே வந்து நின்றார். சுற்றிலும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"சித்ரா, ஒண்ணு நோக்கிக்கே, இந்தக் கடையில ஞான் போயிட்டே இல்லல்லோ?"

கார்டுக் கணக்கில் கடைகள் எந்தப் பொய்ப் பெயரில் வேண்டுமானாலும் வரட்டும், கேள்வி கேட்க வருகிறவர்கள் எல்லாரும் சொந்தப் பெயரிலேயே வருகிறார்கள் என்பதுதான் இந்த வேலையில் எனக்குக் கிடைத்த ஒரே போனஸ்.